கீழ்ப்படிய மறுத்த நடிகன்
ஒஸ்கார் வேர்னரின் கலை வாழ்வு குறித்து ஒரு மதிப்பீடு

நடிப்பு என்பது ஒருவகையிற் கீழ்ப்படிதலின் கலையே. பிறர் எழுதிய சொற்களைப் பிறர் வகுத்த ஒழுங்கிலே, பிறர் குறித்துக் காட்டிய இடத்தில் நின்று பேசுபவன் நடிகன். நாடகாசிரியனுக்கும் நெறியாளனுக்கும் அரங்கின் முகாமையாளனுக்கும் இசைந்து நடப்பது அவனது தொழிலொழுக்கத்தின் பாற்படும். அவ்வாறாயின், அரங்கு முழுவதுமே ஒரு கொடுங்கோன்மையின் கையில் விழுந்துவிட்ட காலத்தில் நடிகன் யாது செய்ய வேண்டும்? ‘நான் வெறும் நடிகன், அரசியலோடு எனக்கென்ன தொடர்பு?’ என்று ஒதுங்கிவிட முடியுமா?

உயர்தர வகுப்பில் நாடகத்தைப் பாடமாகக் கற்கும் மாணவர் ஆண்டுதோறும் ஏதாவதொரு வடிவில் இவ்வினாவை எழுப்புகின்றனர். ‘கலை வேறு, கலைஞனின் வாழ்க்கை வேறு’ என்ற சூத்திரத்தை ஒப்புவித்து நழுவிவிடுவது ஆசிரியனுக்கு எளிது. ஆனால், இருபதாம் நூற்றாண்டின் நாடக, திரைப்பட வரலாற்றை ஓரளவேனும் நேர்மையுடன் நோக்குபவர் அச்சூத்திரத்தோடு அமைதி காண்பது அரிது. ஜேர்மன் மொழி பேசும் நாடுகளின் அரங்கு வரலாறு இதற்கு ஓர் உரைகல். அவ்வரலாற்றிலே ஒஸ்திரிய நடிகன் ஒஸ்கார் வேர்னரின் வாழ்வு தனியாக நின்று ஆராயத்தக்கது. அவனது பெருமையும் வீழ்ச்சியும் ஒரே குணத்தில் வேர்கொண்டவை. மறுக்கும் துணிவே அக்குணம்.

1922ஆம் ஆண்டு நவம்பர் 13ஆம் நாள் வியன்னாவிற் பிறந்த இவனது இயற்பெயர் ஒஸ்கார் யோசெப் பிஷ்லீஸ்மையர். ஒஸ்கார் வேர்னர் என்பது அரங்கிற்காகப் புனைந்துகொண்ட பெயர். 1938ஆம் ஆண்டு மார்ச் மாதம் ஹிட்லரின் படைகள் ஒஸ்திரியாவினுட் புகுந்தபோது இவனுக்கு வயது பதினைந்து. வியன்னாவின் நாடக உலகு சில வாரங்களுக்குள் உருமாறியது. யூதக் கலைஞர் மேடைகளிலிருந்து விரட்டப்பட்டனர். நவீன நெறியாள்கையின் முன்னோடிகளுள் ஒருவரான மாக்ஸ் ரைன்ஹார்ட் நாடிழந்து 1943இல் நியூயோர்க்கில் இறந்தார். வியன்னா மக்களை நகைக்க வைத்த ஃபிரிட்ஸ் குரூன்பவும் 1941இல் டாகாவ் வதைமுகாமில் உயிர்நீத்தார். ஆயினும் அரங்குகள் மூடப்படவில்லை. விளக்குகள் எரிந்தன, திரைகள் உயர்ந்தன, இரசிகர் கைதட்டினர். ஃபாசிசம் கலையை ஒழிப்பதில்லை. தனக்குப் பணிசெய்யும் கலையை அது போற்றி வளர்க்கவே செய்யும். இவ்வுண்மையை மறப்பவர்கள் அதன் தன்மையைப் புரிந்துகொள்ளாதவர்கள்.

ஜேர்மன் மொழி அரங்குகளுள் மிகப் பழையதும் பெருமை வாய்ந்ததுமான வியன்னாவின் பூர்க் அரங்கு அக்காலத்தில் லோதார் மியூத்தெல் என்பவரின் பொறுப்பிலிருந்தது. 1941இல், பத்தொன்பது வயது நிறைவதற்கு முன்னரே, வேர்னரை அவர் அவ்வரங்கிற் சேர்த்துக்கொண்டார். இளம் நடிகனொருவனுக்கு அதனினும் உயர்ந்த பேறு அந்நகரில் இருந்ததில்லை. ஆனால், அதே அரங்கிலேதான் 1943இல் ஷேக்ஸ்பியரின் ‘வெனிஸ் வர்த்தகன்’ மியூத்தெலின் நெறியாள்கையில் மேடையேறியது. வியன்னாவின் யூதர் பல்லாயிரக் கணக்கில் கொலைக்களங்களுக்கு அனுப்பப்பட்டுவிட்ட பின்னர், அந்நகரின் முதன்மை அரங்கில் ஷைலொக் ஒரு வெறுப்புச் சித்திரமாகக் காட்டப்பட்டான். அப்பாத்திரத்தை ஏற்றவர் வேர்னர் கிராவுஸ். 1940இல் வெளிவந்த ‘யூதன் சூஸ்’ என்ற விஷப் படத்திற் பல யூத வேடங்களைத் தாமே புனைந்து நடித்தவர். அவரது நடிப்பாற்றலை எவரும் மறுத்ததில்லை. அவ்வாற்றல் எதற்குப் பயன்பட்டது என்பதே வினா.

திரைப்பட உலகும் இதற்கு விலக்கன்று. வியன்னாவின் பெருமதிப்புக்குரிய நடிகை பவுலா வெஸ்ஸெலியும் அவர் கணவர் அத்தில்லா ஹேர்பிகரும் 1941இல் ‘தாயகம் திரும்பல்’ என்ற படத்தில் நடித்தனர். போலந்து மக்களைக் கொடியவராகச் சித்திரித்து, அந்நாட்டின்மீது தொடுத்த ஆக்கிரமிப்பை நியாயப்படுத்திய படம் அது. இவர்கள் எவரும் பிறப்பிலே கொடியவர்களல்லர். தொழிலைப் பேண விரும்பினர், புகழை இழக்க அஞ்சினர், கீழ்ப்படிந்தனர். ஒரு கொடுங்கோல் அரசுக்கு இவ்வளவே போதுமாயிருந்தது.

இச்சூழலில் இளைஞன் வேர்னர் செய்தது யாது? 1941இன் இறுதியில் இராணுவத்திற்கு அழைக்கப்பட்டான். போர்முனைக்கும் அதிகாரிப் பயிற்சிக்கும் போகாதிருக்கத் தனது தொழிலையே கருவியாக்கினான். ஆற்றலற்ற அசடன்போல நடித்தான். இழிவெனக் கருதப்பட்ட எடுபிடி வேலைகளே அவனுக்குக் கொடுக்கப்பட்டன. அவன் வாழ்வில் ஏற்ற வேடங்களுள் மிக ஆபத்தானது இதுவே எனலாம். 1944இல் எலிசபெத் கல்லினா என்ற நடிகையை மணந்தான். நாஸிச் சட்டத்தின் கணக்கில் அவர் ‘பாதி யூதர்’. அவ்வாண்டு டிசம்பரில் மனைவியையும் கைக்குழந்தையையும் அழைத்துக்கொண்டு படையைவிட்டு ஓடினான். வியன்னாக் காடுகளிற் பதுங்கியிருந்து போரின் முடிவைக் கண்டான். அகப்பட்டிருப்பின் தண்டனை மரணம். அவன் எந்தக் கட்சியையும் சேர்ந்தவனல்லன். எந்தத் தத்துவத்தையும் முறையாகக் கற்றவனல்லன். கொல்ல முடியாது என்ற ஒரே உறுதியைக் கொண்டு இவ்வளவு தூரம் சென்றான்.

போர் முடிந்தது. ஒஸ்திரியா தன்னை ஹிட்லரின் முதற் பலி என அறிவித்துக்கொண்டது. நேசநாடுகளின் 1943ஆம் ஆண்டு மொஸ்கோப் பிரகடனத்தில் அவ்வாறு கூறப்பட்டிருந்தது. அதே பிரகடனம் ஒஸ்திரியாவுக்குப் போரில் இருந்த பொறுப்பையும் சுட்டியது என்பதை ஆட்சியாளர் வசதியாக மறந்தனர். அம்மறதியின் கலைச் சான்றாக 1948இல் ஒரு திரைப்படம் வெளிவந்தது. கார்ல் ஹார்ட்ல் நெறிப்படுத்திய ‘எக்காளம் ஏந்திய தேவதூதன்’ என்பது அது. நாடுகடந்து வாழ்ந்த எழுத்தாளர் ஏர்ன்ஸ்ட் லோதார் எழுதிய நாவலைத் தழுவியது. ஒரு வியன்னாக் குடும்பத்தின் கதை. குடும்பத் தலைவி யூதத் தொடர்புடையவள். ஹிட்லரின் காவலர் வாயிலில் வந்து நிற்கும்போது தன்னுயிரை மாய்த்துக்கொள்கிறாள். அவளது மக்களுள் ஒருவன் நாஸியாகிறான்.

அத்தாயாக நடித்தவர் யார்? ஏழாண்டுகளுக்கு முன்னர் ‘தாயகம் திரும்பல்’ படத்தில் நடித்த அதே பவுலா வெஸ்ஸெலி. நாஸி மகனாக நடித்தவன் யார்? நாஸிப் படையிலிருந்து உயிரைப் பணயம் வைத்து ஓடிய ஒஸ்கார் வேர்னர். பிரசாரப் படத்தின் கதாநாயகி பலியானவளாகவும், மறுத்து ஓடியவன் குற்றவாளியாகவும் திரையிலே தோன்றினர். இது தற்செயலான பாத்திரப் பங்கீடாக இருக்கலாம். எனினும், குற்றத்தையும் துன்பத்தையும் தன் விருப்பம்போல் இடம்மாற்றிக்கொண்ட ஒரு சமுதாயத்தின் மனநிலையை இதனினும் தெளிவாகக் காட்டும் காட்சி பிறிதொன்றில்லை. வேர்னரின் முதற் படமும் அதுவே. அதன் ஆங்கில வடிவத்தில் நடிக்க அவன் லண்டன் சென்றான். அங்கிருந்து உலகத் திரைப்படத்தின் கதவு திறந்தது.

1951இல் அனத்தோல் லிட்வாக் நெறிப்படுத்திய ‘விடியுமுன் முடிவு’ என்ற அமெரிக்கப் படம் வேர்னரின் ஆளுமையை உலகறியச் செய்தது. குண்டுவீச்சில் இடிந்து கிடந்த ஜேர்மன் நகரங்களிலேயே படமாக்கப்பட்டது அது. கைதியாகப் பிடிபட்ட இளம் ஜேர்மன் படைவீரனொருவன், போர் விரைவில் முடிவதே தன் மக்களுக்கு நன்மை என்று எண்ணி அமெரிக்கருக்காக உளவறியச் செல்கிறான். தாய்நாட்டினுள்ளேயே பகைவனாக நடமாடுகிறான். துரோகம் என்பது யாது என்பதே படத்தின் மையப் பிரச்சினை. கொலைகார அரசுக்குத் துரோகம் செய்வது மக்களுக்குச் செய்யும் விசுவாசமாகுமா?

வேர்னர் இதற்கு வசனத்தால் விடை கூறவில்லை. அவன் முகமே விடையாயிற்று. தனது நகரத்தின் தெருக்களில் நடக்கும்போது அவன் கண்களிலே வெற்றியில்லை; வெறுப்புமில்லை. தாம் அழிந்துகொண்டிருப்பதை அறியாத மனிதரைக் காணும் மருத்துவனின் துயரம் இருக்கிறது. உரத்த குரலும் அகன்ற கையசைவும் பழகிய பூர்க் அரங்கின் மரபிலே பயின்ற நடிகன், கமராவின் முன்னே இவ்வளவு ஒடுங்கி நிற்கக் கற்றுக்கொண்டமை வியப்பிற்குரியது. பேசும்போதைவிடப் பிறர் பேசுவதைக் கேட்கும்போதே வேர்னர் மிகுதியாக நடித்தான். அவனது திரைநடிப்பின் நுட்பம் அனைத்தும் இதில் அடங்கும். குரலும் அவ்வாறே. இசைபோன்ற வியன்னா உச்சரிப்பு. வாக்கியத்தின் இறுதியைச் சற்றே தாழவிட்டு, கேட்பவன் தானாகவே நெருங்கிவரச் செய்யும் பேச்சு.

ஹொலிவூட் அவனை ஒப்பந்தம் செய்தது. தகுந்த பாத்திரம் கொடுக்கவில்லை. அவன் காத்திருந்து கெஞ்சவில்லை, ஐரோப்பாவுக்குத் திரும்பினான். சின்னஞ்சிறு நாடான லீச்சென்ஸ்டைனில், திரீசென் என்ற ஊரிலே வீடமைத்துக்கொண்டான். பிராங்க்பேர்ட் மேடையில் ஹம்லெட்டாக நடித்துப் பெரும் புகழ் எய்தினான்.

1955ஆம் ஆண்டு அவனது வாழ்வில் மட்டுமன்றி ஒஸ்திரியாவின் வாழ்விலும் திருப்புமுனை. நான்கு நாடுகளின் படைகள் வெளியேறின. குண்டுவீச்சுக் காலத்தில் எரிந்து மீளக் கட்டப்பட்ட பூர்க் அரங்கு ஒக்டோபரில் திறக்கப்பட்டது. வேர்னர் அங்கு ஷில்லரின் டொன் கார்லோஸாகத் தோன்றினான். அதே ஆண்டில் ஜீ. டபிள்யூ. பாப்ஸ்ட் ‘இறுதி அங்கம்’ என்ற படத்தை எடுத்தார். ஹிட்லரின் நிலவறையில் நிகழ்ந்த கடைசி நாட்களின் கதை. முன்வரிசையிலிருந்து வரும் ஒரு கப்டனாக வேர்னர் நடித்தான். மக்களும் காயமுற்ற வீரரும் அடைக்கலம் புகுந்த சுரங்க இரயிற் பாதையை வெள்ளத்தால் நிரப்புமாறு பிறக்கும் கட்டளை அவனைத் தலைவனுக்கு எதிராகத் திருப்புகிறது. சுடப்பட்டு வீழும் அவன், இனி ஒருபோதும் கண்மூடிக் கீழ்ப்படிய வேண்டாமென ஒரு சிறுவனிடம் கூறி இறக்கிறான். நாஸி ஆட்சிக் காலத்தில் ஜேர்மனியில் தங்கி அவ்வாட்சியின் கீழே படமெடுத்தவர் பாப்ஸ்ட். கீழ்ப்படியாமையைப் போதிக்கும் வசனத்தை அவரது படத்தில், உண்மையாகவே கீழ்ப்படிய மறுத்த ஒருவன் பேசுகிறான். அச்சொற்களுக்குப் பின்னால் ஒரு வாழ்வு நின்றது. அதனாலேதான், பிரசாரமாகத் தாழ்ந்துவிடக்கூடிய அக்காட்சி தாழாது நிற்கின்றது. கலைஞனின் வாழ்வு வேறு, கலை வேறு என்போர் இக்காட்சியைச் சற்று ஆழ்ந்து நோக்க வேண்டும்.

1962இல் பிரான்சுவா துரூபோவின் ‘ஜூல்ஸும் ஜிம்மும்’ வெளிவந்தது. இன்று திரைப்படக் கலை பயில்வோர் வேர்னரை முதலில் அறிந்துகொள்வது இப்படத்தின் வாயிலாகவே. ஒஸ்திரியனான ஜூல்ஸ், பிரெஞ்சுக்காரனான ஜிம் ஆகிய இரு நண்பர். இருவரும் நேசிக்கும் ஒரு பெண். இதனைக் காதற்கதையாக மட்டும் பார்ப்போர் பலர். ஆனால், முதல் உலக யுத்தத்தில் எதிரெதிர் அணிகளில் நிறுத்தப்படும் அவ்விருவரும் ஒருவரையொருவர் கொன்றுவிடுவோமோ என்று அஞ்சுவது கதையின் உட்கரு. தேசியவெறி மனித உறவினூடே எல்லைக்கோட்டை இழுக்கின்றது. படத்தின் பிற்பகுதியில், திரையரங்கிற் காட்டப்படும் செய்திப்படத்திலே நூல்கள் எரிக்கப்படுகின்றன. இறுதியில் ஜூல்ஸ் தனியனாகின்றான். பழிவாங்காத, உடைமை கொண்டாடாத, இழப்பையும் மெல்லச் சுமக்கும் அப்பாத்திரத்தை வேர்னர் பலவீனமானவனாக நடிக்கவில்லை. மென்மையும் ஒரு வலிமையே என்று காட்டினான்.

1965இல் வெளிவந்த இரு படங்கள் அவனைப் புகழின் உச்சியிலேற்றின. ஸ்டான்லி கிரேமரின் ‘மூடர் கப்பல்’ 1933ஆம் ஆண்டு மெக்சிக்கோவிலிருந்து ஜேர்மனிக்குச் செல்லும் கப்பலொன்றின் கதை. ஹிட்லர் பதவியேறிவிட்ட நாட்டை நோக்கி, வருவது யாதெனப் பெரும்பாலும் அறியாமல் மனிதர் பயணம் செய்கின்றனர். இதயநோயாளியான கப்பல் வைத்தியராக வேர்னர் நடித்தான். சிறந்த நடிகனுக்கான ஒஸ்கார் பரிசுக்கு அவன் பெயர் முன்மொழியப்பட்டது. நியூயோர்க் திரைப்பட விமர்சகர் வட்டம் அவனைத் தேர்ந்தெடுத்தது. கண்டும் செயற்படாதிருந்த மத்தியதர வர்க்க அறிவுஜீவியின் முகம் அந்த வைத்தியனது முகம். எல்லாவற்றையும் விளங்கிக்கொள்கிறான், எதையும் தடுக்கமாட்டாதவனாய் இருக்கிறான்.

மற்றையது, ஜோன் லெ காரேயின் நாவலைத் தழுவி மார்ட்டின் ரிட் எடுத்த ‘குளிரிலிருந்து வந்த ஒற்றன்’. இதில் வேர்னர் ஏற்ற ஃபீட்லர் என்ற பாத்திரம் நம்மவர் கவனத்துக்கு மிக உரியது. ஃபீட்லர் கிழக்கு ஜேர்மன் உளவுத்துறை அதிகாரி, யூதன், கொள்கைப் பற்றுள்ள கம்யூனிஸ்ட். அவனுக்கு மேலாளனாக இருப்பவன் பழைய நாஸி; இரகசியமாக ஆங்கிலேயரின் ஆள். அந்த நாஸியைக் காப்பாற்றுவதற்காக ஆங்கில உளவுத்துறை நேர்மையான ஃபீட்லரைப் பலியிடத் திட்டமிடுகின்றது. கெடுபிடி யுத்தத்தின் உச்சக் காலத்தில் மேற்குலகில் எடுக்கப்பட்ட ஒரு படத்தில், கம்யூனிஸ்டை அறிவும் மனிதப் பண்பும் உடையவனாகச் சித்திரித்தல் எளிதன்று. சந்தை எதிர்பார்த்த கோரமுகத்தை அணிய வேர்னர் மறுத்தான். தான் பிடித்துவைத்திருக்கும் ஆங்கில ஒற்றனிடம், ‘உங்கள் செயல்களுக்கு ஆதாரமான தத்துவம் எது?’ என்று ஃபீட்லர் வினவும் காட்சியிலே மிரட்டலில்லை. உண்மையாகவே விடையறிய விரும்பும் ஆசிரியனின் ஆவல் இருக்கிறது. ஒற்றனிடம் தத்துவம் எதுவுமில்லை என்று கண்டபோது ஃபீட்லருக்கு ஏற்படும் திகைப்பை மறக்க முடியாது. இப்பாத்திரத்துக்காக வேர்னருக்குக் கோல்டன் குளோப் பரிசு கிடைத்தது.

அடுத்த ஆண்டில் நிகழ்ந்தது பெரும் முரண். ரே பிராட்பரியின் 1953ஆம் ஆண்டு நாவலான ‘பாரன்ஹீட் 451’ஐ துரூபோ ஆங்கிலத்திற் படமாக்கினார். நூல்களை எரிப்பதே அரசாங்க உத்தியோகமாகிவிட்ட ஓர் எதிர்கால உலகு. எரிப்பவர்களுள் ஒருவனான மொன்ராக் ஒருநாள் ஒரு நூலைத் திறந்து வாசித்துவிடுகிறான். நூல்கள் எரிவதன் பொருளை அனுபவத்தால் அறிந்த வாசகருக்கு இக்கதையின் கனத்தை விளக்க வேண்டியதில்லை. வேர்னருக்கும் வேண்டியிருந்திராது. 1938இல் ஸால்ஸ்பேர்க் நகரிலே நூல்கள் எரிக்கப்பட்ட நாட்டிலிருந்து வந்தவன் அவன்.

ஆனால் மொன்ராக்கை எவ்வாறு நடிப்பது என்பதில் நெறியாளருக்கும் நடிகனுக்கும் இடையே தீராத பகை மூண்டது. படப்பிடிப்பு நாட்களிலே துரூபோ எழுதிய நாட்குறிப்பு பிரெஞ்சுத் திரைப்பட ஏடொன்றில் வெளிவந்தது. நடிகன்மேற் கொண்ட கசப்பு அதிற் பதிவாகியிருக்கிறது. இறுதிக் காட்சிகள் எடுக்கப்படவிருந்தபோது, தொடர்ச்சி கெடுமாறு வேர்னர் வேண்டுமென்றே தலைமயிரை வெட்டிக்கொண்டான் என்று கூறப்படுவதுண்டு. இங்கே நாம் நிறுத்தி ஆராய வேண்டும். ஹிட்லரின் படைக்குக் கீழ்ப்படிய மறுத்ததும், தன்னை நேசித்து அழைத்த நெறியாளனுக்கு இசைய மறுத்ததும் ஒன்றாகுமா? வெளித்தோற்றத்தில் இரண்டும் மறுப்பே. உள்ளடக்கத்தில் மலைக்கும் மடுவுக்குமுள்ள வேறுபாடு. முன்னையது மானுடத்தின் பெயரால் எழுந்தது. பின்னையது தன்னொருவனின் பெயரால் எழுந்தது. கூட்டு முயற்சியாகிய கலையில் தோழனோடு கருத்து மாறுபடலாம். தோழனின் படைப்பையே சிதைக்க முனைவது கலகமாகாது.

1968இல் ஓர் இசை நடத்துனராகவும், திருச்சபையின் ஐயத்துக்குள்ளாகும் துறவியாகவும் இரு படங்களில் தோன்றினான். அதன்பின் எட்டாண்டுகள் திரையரங்குப் படமெதிலும் அவனைக் காண முடியவில்லை. வந்த வாய்ப்புகளைத் தரமற்றவை என்று தள்ளினான். 1970இல் ஸால்ஸ்பேர்க் விழாவிலே தானே நெறிப்படுத்தி நடித்த ஹம்லெட் பழைய வெற்றியை மீட்டுத் தரவில்லை. புதிய தலைமுறையின் அரங்கை அவன் வெறுத்தான். அது அவனைப் பழமைவாதியெனக் கருதியது. மது அவனை ஆட்கொண்டது. 1976இல் ‘சபிக்கப்பட்டோரின் பயணம்’ என்ற படத்தில் ஒரு யூத மருத்துவனாக நடித்ததே கடைசித் திரைப்படம். 1939ஆம் ஆண்டு மே மாதம் 937 பயணிகளுடன் ஹம்பேர்க்கிலிருந்து புறப்பட்டு, கியூபாவும் அமெரிக்காவும் ஏற்க மறுத்ததால் மீண்டும் ஐரோப்பாவுக்கே திரும்ப நேர்ந்த செயின்ட் லூயிஸ் என்ற அகதிக் கப்பலின் வரலாறு அது.

இவ்வீழ்ச்சிக்குக் காரணம் யாது? மதுவென்றும் செருக்கென்றும் கூறி முடித்துவிடுவது தனிமனித வரலாற்றாசிரியரின் வழி. அவை பொய்யல்ல, ஆனால் முழு உண்மையுமல்ல. இதே நகரில் பிறந்த மற்றொரு நடிகரின் வாழ்வை அருகில் வைத்துப் பார்ப்போமாயின் உண்மையின் மறுபாதி தெளிவாகும்.

கார்ல் பரிலா 1905இல் வியன்னாவிற் பிறந்தவர், கம்யூனிஸ்ட். 1938இல் நாட்டைவிட்டு வெளியேறி சூரிச் நகர அரங்கிற் சேர்ந்தார். நாடிழந்த கலைஞர் பலர் கூடிய அவ்வரங்கிலேதான் 1941இல் பிரெக்டின் ‘துணிவுத் தாய்’ முதன்முதலாக மேடையேறியது. போர் முடிந்து திரும்பிய பரிலாவும் வொல்ப்காங் ஹைன்ஸ் முதலான தோழரும் 1948இல் வியன்னாவின் சோவியத் பகுதியில் ‘ஸ்காலா’ என்ற அரங்கை நிறுவினர். தொழிலாளர் வந்து பார்க்கும் அரங்காக அது அமைய வேண்டுமென்பது அவர்கள் நோக்கம். நடிகரே கூட்டாகப் பொறுப்பேற்று நடத்தினர். வேர்னரின் மறுப்பு தனியொருவனின் மனச்சாட்சியாக நின்றதென்றால், இவர்களின் மறுப்பு ஓர் அமைப்பாகவும் ஓர் அரங்காகவும் உருப்பெற்றது.

அந்த அரங்குக்கு நேர்ந்தது யாது? வியன்னாவின் முதலாளித்துவப் பத்திரிகைகள் அதனைப் புறக்கணித்தன. பிரெக்டின் நாடகங்களை 1953 முதல் 1963 வரை அந்நகரின் பெரிய அரங்குகள் தீண்டவில்லை. 1955இல் சோவியத் படை வெளியேறியது; மறு ஆண்டில் ஸ்காலா மூடப்பட்டது. கட்டடம் பின்னர் இடிக்கப்பட்டது. ஷைலொக்கை வெறுப்புச் சின்னமாக்கிய கிராவுஸ் மீண்டும் பூர்க் அரங்கின் கௌரவ நடிகராக வலம் வந்த அதே நகரில், நாஸிகளை எதிர்த்த கலைஞர் வேலையிழந்து கிழக்கு பேர்லினுக்கும் பிற இடங்களுக்கும் சிதறினர். எனினும் நம்மவரின் தவறையும் நாம் மறைத்தலாகாது. வேற்று நாட்டுப் படையின் நிழலிலும் ஒரு கட்சியின் ஆதரவிலும் மிகுதியாகத் தங்கியிருந்தமையால், அந்நிழல் நீங்கியதும் நிற்பதற்கு அவ்வரங்குக்குப் போதிய நிலம் இருக்கவில்லை. மக்களுக்கான அரங்கு மக்களிடத்திலேயே வேர்விட வேண்டும். பிறிதெதுவும் அதற்கு நிலையான துணையாகாது.

ஆகவே 1955இன் பின்னர் ஒஸ்திரியாவில் மறுக்கும் கலைஞனுக்கு இருந்த வழிகள் இரண்டு. அமைப்பாக நின்றவர்களை அச்சமுதாயம் பட்டினி போட்டது. தனியனாக நின்றவனைப் போற்றியது, பரிசளித்தது, அவனது தனிமையை மேதைமையின் அணிகலனாக்கி விற்றது. பின்பு அவன் தனிமையிலேயே மடியும்படி விட்டது. வேர்னரின் செருக்கு அவனது பிழையே. ஆயின், ‘எல்லோருக்கும் எதிராக நான்’ என்ற நிலைக்கு அவனை ஒப்பனையிட்டு நிறுத்தியதில் அச்சமுதாயத்துக்கும் பங்குண்டு. தன் மனச்சாட்சியைப் பகிர்ந்துகொள்ள ஒரு தோழமை இல்லாதவனிடம் அம்மனச்சாட்சி நாளடைவிற் செருக்காகக் கெட்டியாகிவிடுகிறது. இதனை எந்தக் கோட்பாட்டு நூலையும்விட வேர்னரின் கடைசி ஆண்டுகள் தெளிவாகக் கற்பிக்கின்றன.

1983இல், டானியூப் நதிக்கரையிலே கிரெம்ஸ் நகரில், தானே ஒழுங்குசெய்த நாடக விழாவில் கிளைஸ்ட்டின் ‘ஹொம்பேர்க் இளவரசன்’ நாடகத்தை மேடையேற்றித் தலைமைப் பாத்திரத்தைத் தானே ஏற்றான். இளைஞனுக்குரிய வேடம்; அவனுக்கோ அறுபது வயது. விமர்சகர் கடுமையாகத் தாக்கினர். நகைத்தவர்கள் ஒன்றைக் கவனிக்கவில்லை. அந்நாடகம், கட்டளையை மீறிப் போரில் வென்றமையால் மரணதண்டனை விதிக்கப்படும் ஒரு படைத்தலைவனின் கதை. இருபத்திரண்டு வயதிலே படையைவிட்டு ஓடியவன், வாழ்வின் அந்தியில் திரும்பத் திரும்ப அதே வினாவின் முன்னால் வந்து நின்றான்.

1984ஆம் ஆண்டு ஒக்டோபர் 21ஆம் நாள் துரூபோ பிரான்சில் இறந்தார். இரண்டு நாட்களின் பின்னர், 23ஆம் நாள், ஜேர்மனியின் மார்பேர்க் நகரில் மாரடைப்பால் வேர்னர் இறந்தான். அங்குள்ள நாடக ஆர்வலருக்கு இலக்கியம் வாசித்துக்காட்டச் சென்ற இடம் அது. திரீசெனில் அடக்கம் செய்யப்பட்டான்.

ஹிட்லரின் படையைவிட்டு ஓடியோரை ஒஸ்திரிய சமுதாயம் நீண்டகாலம் துரோகிகளென்றே கருதிவந்தது. நாட்டின் பொறுப்பை அரசுத் தலைமை வெளிப்படையாக ஏற்றதே 1991இல்தான். தப்பியோடியோருக்கு முழுமையான சட்டரீதியான மறுவாழ்வு 2009இல் கிடைத்தது. 2014ஆம் ஆண்டு ஒக்டோபர் 24ஆம் நாள், வேர்னர் இறந்து முப்பது ஆண்டுகளும் ஒரு நாளும் கழிந்த பின்னர், வியன்னாவில் அரசுத் தலைவரின் அலுவலகத்துக்கு எதிரே அவர்களுக்கு ஒரு நினைவுச்சின்னம் திறந்துவைக்கப்பட்டது. பெயரெதுவும் பெறாது தூக்கிலிடப்பட்ட விவசாயிகளுக்கும் தொழிலாளருக்கும் உரிய சின்னம் அது. அவர்களுள் மேடையேறிப் பேசும் வாய்ப்புப் பெற்ற ஒருவனாக நாம் வேர்னரைக் கருதலாம்.

நமது மாணவருக்கு இந்நடிகனை அறிமுகம் செய்யும்போது அவனை வணங்கத்தக்க சிலையாக்க வேண்டியதில்லை. ஃபீட்லரையும் ஜூல்ஸையும் அவர்கள் பார்க்கட்டும். அத்துடன், அதே தலைமுறையில் அதே திறமையோடு கீழ்ப்படிந்தவர்களின் கதையையும், ஸ்காலாவின் கதையையும் அறியட்டும். கேட்டவுடன் இசைவது எங்கே பண்பு, எங்கே குற்றம். மறுப்பது எங்கே கடமை, எங்கே வீம்பு என்பதை வகுப்பிலே அவர்களே வாதாடித் தேறட்டும். அவ்வாதத்தில் ஆசிரியரின் கருத்தையும் அவர்கள் மறுக்கக் கூடும். மறுத்தாற் கேட்டுக்கொண்டிருப்பதே நமக்கு ஆகும் பணி.